பழைய நேரம், புது நேரம், பெரட்டு நேரம்

காலத்தைக் கைப்பற்ற இரண்டு கூட்டம் சண்டை போடுகிற படங்களை நாம எல்லாரும் பார்த்திருக்கிறோம். அதைக் கற்பனை என்று நினைக்கிறோம். ஆனால் நம்ம நாட்டிலேயே பத்து வருஷம் இரண்டு நேரம் ஓடியது. அதில் ஒரு பக்கம் அரசாங்கம், மறு பக்கம் விடுதலைப் புலிகள்.

அது மழையில்லாமல் தொடங்கிய கதை. 1996இல் நீர்த்தேக்கங்களில் தண்ணீர் இறங்கியது. நாட்டின் மின்சாரம் அப்போது பெரும்பாலும் நீர்மின் நிலையங்களிலிருந்துதான் வந்தது. காசல்ரீ, மவுஸ்ஸாகலை என்று அந்தத் தேக்கங்கள் பலவும் நம்ம மலையகத்தில்தான் இருக்கின்றன. மவுஸ்ஸாகலைக்காகப் பழைய மஸ்கெலியா நகரமே தண்ணிக்குள் போனது. சாயங்கால வெளிச்சத்தைக் கூடுதலாகப் பயன்படுத்தி மின்சாரத்தை மிச்சம் பிடிக்க, மே 25ஆம் திகதி கடிகாரத்தை ஒரு மணித்தியாலம் முன்னுக்குத் தள்ளினார்கள். ஒக்டோபரில் அரை மணித்தியாலத்தைக் குறைத்தார்கள். மீதி அரை மணித்தியாலம் 2006 ஏப்ரல் வரைக்கும் அப்படியே நின்றது.

புலிகள் தங்கள் கட்டுப்பாட்டுப் பகுதியில் இதை ஏற்கவில்லை. அங்கே 'பழைய நேரம்', இங்கே 'புது நேரம்'. 2002இல் ஏ9 பாதை திறந்த பிறகு, ஓமந்தையைத் தாண்டி வன்னிக்குள் போகிறவர் கைக்கடிகாரத்தை அரை மணித்தியாலம் பின்னுக்குத் திருப்ப வேண்டும். 1977 வன்செயலுக்குப் பிறகு தோட்டங்களை விட்டு வன்னிக்குப் போன நம்ம சனங்கள் நிறையப் பேர். அட்டனில் அண்ணன், கிளிநொச்சியில் தம்பி என்றால், ஒரே குடும்பத்துக்கு இரண்டு நேரம்.

மணியை முடிவு செய்கிறவன்தான் இந்த மண்ணை ஆள்கிறவன் என்பதை இரண்டு தரப்புமே தெரிந்து வைத்திருந்தது. ஆனால் தோட்டத்துக்கு அது புதுப் பாடம் இல்லை. லயத்தில் கடிகாரமே இல்லாத காலத்தில் விடியலைச் சொன்னது பெரட்டுத் தப்பு. தப்புச் சத்தம் கேட்டால் எழும்ப வேண்டும், பெரட்டுக்களத்துக்குப் போக வேண்டும். பிந்தினால் வேலையில்லை என்று திருப்பி அனுப்பலாம். கொழுந்து குறைந்தால் அரைப் பேர்தான் விழும். ஒரு நாள் உழைப்புக்கே நம்ம பேச்சில் 'பேர்' என்றுதான் பெயர். துரையின் நேரத்துக்குள் நின்றால்தான் செக்ரோலில் ஆள் கணக்கில் இருப்பார்.

அந்த நேரமும் எல்லாருக்கும் ஒரே அளவாக இருக்கவில்லை. கவ்வாத்து போன்ற வேலைகளை ஆண்கள் அளவுக் கணக்கில் முடித்துவிட்டு மத்தியானத்தோடு வீடு திரும்பலாம். கொழுந்தெடுக்கும் பெண்களோ சாயங்காலம் நிறுவை முடியும் வரைக்கும் மலையில் நிற்க வேண்டும். அப்படியிருந்தும் 1984 வரைக்கும் அவர்களுக்கு ஆண்களை விடக் குறைந்த நாட்சம்பளம்தான்.

இலங்கையும் இந்தியாவும் கிரீன்விச்சிலிருந்து ஐந்தரை மணித்தியாலக் கணக்குக்கு மாறியது 1906 ஜனவரியில். அதே மாதம் பம்பாயில் மில் தொழிலாளர்கள் புது நேரத்தை எதிர்த்துக் கிளம்பினார்கள். அவர்களுக்குச் சூரியக் கணக்கு முக்கியமில்லை. மில்காரன் கடிகாரத்தைத் திருப்பினால் தங்கள் தூக்கம் போகும் என்பதுதான் விஷயம். அசாம் தேயிலைத் தோட்டங்களில் 'பாகான் நேரம்' என்று இந்திய நேரத்துக்கு ஒரு மணித்தியாலம் முந்திய நேரம் இன்றும் இருக்கிறது. தோட்டம் என்றாலே தனி நேரம்தான் போல.

2006 ஏப்ரலில் அரசாங்கம் பழைய நேரத்துக்கே திரும்பியது. தீவின் கடிகாரங்கள் ஒன்றாகின. அதே வருஷம் போர் மறுபடி மூண்டது. மணி ஒன்றானதால் சமாதானம் வந்துவிடவில்லை.

மலையகத்தில் அந்தச் சண்டை இப்போது கடிகாரத்தை விட்டுத் தராசுக்கு வந்திருக்கிறது. 2021இல் நாட்சம்பளம் 1,000 ரூபாவாக நிர்ணயிக்கப்பட்டபோது, பல தோட்டங்களில் எடுக்க வேண்டிய கிலோவைக் கூட்டிவிட்டார்கள் என்று தொழிலாளர்கள் முறையிட்டார்கள். கிலோ கூடினால் அதே நாளுக்குள் கை இன்னும் வேகமாக ஓட வேண்டும், இல்லாவிட்டால் நாளே நீள வேண்டும். சம்பளத்தில் கொடுத்ததை நேரத்தில் திருப்பி எடுக்கிற வழி இது.

புது நேரத்தைக் கொண்டு வந்தவர்களும் சரி, அதை மறுத்தவர்களும் சரி, தோட்டத்து ஆட்களிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. அடுத்த சம்பளப் பேச்சு வரும்போது எத்தனை ரூபா என்பதோடு நம்ம கேள்வி நிற்கக் கூடாது. அந்த ரூபாவுக்கு எத்தனை மணித்தியாலம், எத்தனை கிலோ என்பதையும் சேர்த்தே கேட்போம்.