வே. ராகவனின் நாடகப் பணி: நுழைவுரிமையும் மேடைமொழியும்

தொல்நாடகத்தை ஓர் அறிஞர் மக்களிடம் கொண்டு சென்றார் என்றால், எத்தனை பேர் பார்த்தார்கள் என்றுதான் முதலில் கேட்கிறோம். சென்னைப் பல்கலைக்கழகச் சமஸ்கிருதப் பேராசிரியர் வே. ராகவன் (1908–1979) 1958இல் நிறுவிய சமஸ்கிருத ரங்கம் என்னும் நாடக அமைப்பைத் தலைக்கணக்கால் அளந்தால் மிஞ்சுவது கொஞ்சமே. டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகங்களுக்கும் திராவிட இயக்க நாடகங்களுக்கும் திரண்ட கூட்டம் அதற்குத் திரளவில்லை. யார் உள்ளே வந்து உட்கார முடிந்தது என்று கேட்டால்தான் அவர் பணியின் பொருள் விளங்கும் என்பது என் வாதம்.

திருவாரூரில் பிறந்த ராகவன் மாநிலக் கல்லூரியில் குப்புசுவாமி சாஸ்திரியிடம் பயின்றவர். ரசங்களின் எண்ணிக்கை குறித்தும் அலங்கார சாஸ்திரக் கருத்துகள் குறித்தும் அவர் எழுதிய நூல்களை 1940இலும் 1942இலும் அடையாறு நூலகம் வெளியிட்டது. போஜனின் சிருங்காரப்பிரகாசம் பற்றிய பெருநூலுக்கு 1966இல் சாகித்திய அகாதெமி விருது கிடைத்தது. ஆனால் அவருடைய மேடைப் பணியைப் புரிந்துகொள்ள இவற்றைவிட உதவுவது, அண்ணாமலைப் பல்கலைக்கழகம் 1961இல் வெளியிட்ட, தொலைந்துபோன இராம நாடகங்கள் பற்றிய ஆய்வு. சுவடி அழிந்துபோன நாடகங்களை, நாடக இலக்கண நூலார் எடுத்துக்காட்டிய மேற்கோள்களிலிருந்து அதில் அவர் மீட்டுக் காட்டுகிறார். அம்மேற்கோள்களில் பல, கதைச் சந்திகள், அதாவது கதை வளரும் கட்டங்கள், எப்படி அமைகின்றன என்று காட்ட எடுக்கப்பட்டவை. இப்படித் துண்டு துண்டாகக் காட்சிகளைப் பொருத்திப் பார்த்தவருக்கு நாடகம் படித்துச் சுவைக்கும் காவியமாக மட்டும் இருந்திருக்க முடியாது. மேடை அவருடைய ஆய்வின் தொடர்ச்சி. அதை ஓய்வுநேர ஈடுபாடாகக் கருதுவது தவறு.

1962இல் ராகவனின் அழைப்பை ஏற்று, கேரளத்தின் சமஸ்கிருத நாடக மரபான கூடியாட்டத்தை ஆடும் சாக்கியார் சமூகத்துக் கலைஞர் மாணி மாதவ சாக்கியார் சென்னைக்கு வந்தார். அபிஷேகம், சுபத்ரா தனஞ்சயம், நாகானந்தம் ஆகிய மூன்று நாடகங்களின் காட்சிகள் மூன்று இரவுகளில் கூடியாட்டமாக நிகழ்ந்தன. கூடியாட்டம் கேரளத்துக்கு வெளியே ஆடப்பட்டது அதுவே முதல்முறை என்பர். கேரளக் கோயில் அரங்கமான கூத்தம்பலத்தில் ஓர் அங்கமே பல இரவுகள் நீளும். அந்த விரிவு சென்னையில் சுருங்கியது உண்மைதான், அந்த இழப்பு சிறியதும் அன்று. ஆயினும் கூத்தம்பலம் கோயில் மதிலுக்குள் இருந்தது. பிறப்பைப் பார்த்தே அங்கே இடம் கிடைத்தது. சென்னை அரங்கில் அந்தக் கேள்வி இல்லை. நாட்டியத்தை எல்லா வருணத்தாருக்கும் உரிய ஐந்தாம் வேதம் என்கிறது நாட்டியசாஸ்திரம். அக்கூற்றைப் பாடமாகச் சொல்லித் தந்த பேராசிரியர், அதை நடைமுறையிலும் பார்க்க விரும்பினார் என்றே இதைக் கொள்கிறேன்.

இப்பெருமை முழுவதும் ராகவனுடையதன்று. சாக்கியார்களே முன்பே மதிலைத் தாண்டியிருந்தார்கள்: பைங்குளம் ராம சாக்கியார் 1949இலும் மாணி மாதவ சாக்கியார் 1955இலும் கோயிலுக்கு வெளியே ஆடினர். 1965இல் கேரள கலாமண்டலம் கூடியாட்டத் துறையைத் தொடங்கியபோது பிற சமூகத்தாரும் அதைப் பயில வழி பிறந்தது.

தமிழ்நாட்டுக்குச் சாக்கியார்களின் கூத்து அயல் சரக்கும் அன்று; பழந்தமிழில் அவர்கள் பெயர் சாக்கையர். சிலப்பதிகாரத்தில் செங்குட்டுவன் முன் பறையூர்க் கூத்தச்சாக்கையன் ஆடுகிறான். காமரசவல்லிக் கோயிலின் சோழர் கல்வெட்டு சாக்கைக் கூத்துக்கு நிலம் விட்டதைச் சொல்கிறது. வடமொழி நாடக ஆர்வம் மயிலாப்பூர்ச் சபாக்களின் பழமைப்பற்று மட்டுமே என்போர் இச்சான்றுகளுக்கு விடை சொல்ல வேண்டும்.

ஆனால் அவர்கள் கூற்றில் ஒரு பாதியை மறுக்க இயலாது. இடத்தின் கதவு திறந்தது, மொழியின் கதவு பாதியே திறந்தது. சமஸ்கிருத ரங்கத்தின் மேடைமொழி சமஸ்கிருதம். விஜ்ஜிகை, விகடநிதம்பை, அவந்திசுந்தரி என்னும் பெண் புலவர்களை நாயகிகளாக்கி ராகவன் எழுதிய ஓரங்க நாடகங்கள், கருத்தளவில் இன்றைய பார்வையாளரை எளிதில் தொடக்கூடியவை. அவையும் சமஸ்கிருதத்திலேயே உள்ளன. இதற்கு மாற்று மரபுக்குள்ளேயே இருந்தது. பழைய நாடகங்களில் அரசன் சமஸ்கிருதம் பேச, பெண்டிரும் எளியோரும் பிராகிருதம் பேசுவர். கூடியாட்டம் இன்னும் ஒரு படி சென்று, நாயகனின் நகைச்சுவைத் தோழனான விதூஷகனை மலையாளம் பேச வைத்தது. அந்த விதிப்படி சென்னை விதூஷகன் தமிழ் பேசுவதே முறை. சாகுந்தலத்தில் மோதிரத்தோடு பிடிபடும் மீனவனையும் அவனை அடிக்கும் காவலரையும் மாகதிப் பிராகிருதத்தில் பேச விட்டால் மயிலாப்பூர் அரங்கில் யாருக்கும் சிரிப்பு வராது. அக்காட்சி மேடையேறும்போது அவன் நொச்சிக்குப்பத்துத் தமிழில் தன் வழக்கைச் சொல்ல வேண்டும், அரங்கின் முன்வரிசையில் அந்தக் குப்பத்தாரும் இருக்க வேண்டும்.