கீழ்பென்னாத்தூர் வட்டாரத்தில் ஊர் வரலாறும் குடும்ப வரலாறும்

ஆண்டுதோறும் மாசி மகத்தன்று திருவண்ணாமலை அருணாசலேசுவரர் பள்ளிகொண்டாப்பட்டு கௌதம நதிக்கரைக்கு எழுந்தருளி, வல்லாள மகாராஜாவுக்குத் திதி கொடுக்கிறார். பிள்ளையில்லாத மன்னனுக்கு இறைவனே மகனாக நின்று கடன் தீர்ப்பதாக இவ்வட்டார மக்கள் கூறுவர். 14-ஆம் நூற்றாண்டில் திருவண்ணாமலையில் இருந்து ஆண்ட போசள மன்னர் மூன்றாம் வீரவல்லாளரே இந்த வல்லாளர். வரலாற்று ஆவணங்களோ, அவருக்குப் பின் அவருடைய மகன் பட்டமேறியதாகக் கூறுகின்றன. வாய்மொழியும் ஆவணமும் ஒன்றுக்கொன்று மாறுபடுவது உண்டு என்பதற்கு இது நல்ல எடுத்துக்காட்டு. ஊர் வரலாறு எழுதுபவர் இரண்டையும் குறித்து வைக்க வேண்டும்.

மன்னருக்குப் பெயர் சொல்லக் கோயில் இருக்கிறது. ஏர் பிடித்தவர், ஆடு மேய்த்தவர், நாற்று நட்டவர் ஆகியோரின் பெயர்கள் எங்கே இருக்கின்றன? திதி கொடுக்கும் குடும்பங்களில்கூட தந்தை, பாட்டன், முப்பாட்டன் என மூன்று தலைமுறைப் பெயர்களே சொல்லப்படுகின்றன. அதற்கு மேலுள்ள பெயர்களைத் தேடுவதற்கு இவ்வட்டாரத்தில் என்னென்ன சான்றுகள் உள்ளன, அவற்றில் யாருடைய பெயர்கள் விடுபட்டுள்ளன என்பதை இக்கட்டுரை விளக்குகிறது.

ஊரும் எல்லையும்

கீழ்பென்னாத்தூர், திருவண்ணாமலையிலிருந்து செஞ்சி செல்லும் சாலையில் உள்ள பேரூராட்சி, வட்டத் தலைநகரம். முன்பு இது திருவண்ணாமலை வட்டத்தில் அடங்கியிருந்தது. திருவண்ணாமலைக்கும் செங்கத்துக்கும் இடையில் மேல்பென்னாத்தூரும், வேலூருக்கு அருகில் பென்னாத்தூர் என்ற பேரூராட்சியும் உள்ளன. பழைய பத்திரம் ஒன்றில் வெறும் 'பென்னாத்தூர்' என்று இருந்தால், அது எந்த ஊர் என்பதைப் பக்கத்து ஊர்ப் பெயர்களைக் கொண்டே முடிவு செய்ய வேண்டும்.

மாவட்ட எல்லை மாறியதையும் நினைவில் கொள்ள வேண்டும். திருவண்ணாமலை வட்டம் 1911-ஆம் ஆண்டு வரை தென்னாற்காடு மாவட்டத்தில் இருந்தது. சித்தூர் மாவட்டம் அமைக்கப்பட்டபோது வடஆற்காட்டுடன் சேர்க்கப்பட்டது. 1989-இல் வடஆற்காடு இரண்டாகப் பிரிக்கப்பட்டு, திருவண்ணாமலை சம்புவராயர் மாவட்டம் உருவானது. எனவே 1911-க்கு முற்பட்ட செய்திகளைத் தேடுவோர் தென்னாற்காட்டு ஆவணங்களையே பார்க்க வேண்டும். 1878-இல் கார்ஸ்டின் எழுதிய தென்னாற்காடு மாவட்டக் கையேட்டிலும், 1906-இல் பிரான்சிஸ் எழுதிய தென்னாற்காடு மாவட்ட விவரச்சுவடியிலும் இவ்வட்டாரச் செய்திகள் உள்ளன. வடஆற்காட்டுப் பதிவுகளில் மட்டும் தேடிவிட்டு 'எங்கள் ஊர் இல்லை' என்று கைவிடுவோர் செய்யும் பிழை இதுதான்.

கல்லில் எழுதப்பட்ட பெயர்கள்

இம்மாவட்டத்தின் செங்கம் பகுதியில் கிடைத்த நடுகற்கள் தமிழக வரலாற்றில் தனி இடம் பெற்றவை. இரா. நாகசாமியைப் பதிப்பாசிரியராகக் கொண்டு தமிழ்நாடு தொல்லியல் துறை 1972-இல் இவற்றை நூலாக வெளியிட்டது. பெரும்பாலானவை ஆநிரை கவர்தலிலும் மீட்டலிலும் இறந்தவர்களுக்கு எடுக்கப்பட்டவை. எடுத்தனூர் நடுகல், முதலாம் மகேந்திரவர்மனின் 34-ஆம் ஆட்சியாண்டைச் சேர்ந்தது. எருமைகளைக் காத்து இறந்த கருந்தேவக்கத்தி என்பவரின் பெயர் அதில் உள்ளது. அவருடன் இருந்து கள்வரைக் கடித்துக் காவல் நின்ற நாயும் அக்கல்லில் இடம்பெற்றுள்ளது. சுமார் 1,400 ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்த, அரசர் அல்லாத ஒருவரின் பெயர் இன்றும் படிக்கக் கிடைக்கிறது.

திருவண்ணாமலைக் கோயில் கல்வெட்டுகளை பி. ஆர். சீனிவாசன் தொகுத்துப் படித்தார். அவற்றைப் புதுச்சேரி பிரெஞ்சு நிறுவனம் 1990-இல் வெளியிட்டது. விளக்குக்கு ஆடு விட்டவர், நிலம் கொடுத்தவர், எல்லையாகக் குறிக்கப்பட்ட நிலத்துக்கு உரியவர் எனப் பலருடைய பெயர்களைக் கோயில் கல்வெட்டுகளில் காணலாம். ஆயினும் கல்லில் உள்ள ஒருவரை இன்றைய குடும்பம் ஒன்றோடு இணைக்க இடைப்பட்ட தலைமுறைகளுக்குச் சான்று தேவை. ஒத்த பெயர் ஒன்றை மட்டும் வைத்து 'இவர் எங்கள் முன்னோர்' என்று எழுதுவது வரலாறு ஆகாது.

நிலமும் காகிதமும்

தாமஸ் மன்றோ காலத்தில் பரவிய ரயத்துவாரி முறையில் உழவர் ஒவ்வொருவர் பெயரிலும் பட்டா வழங்கப்பட்டது. அதனால் நிலம் வைத்திருந்த குடும்பங்களின் பெயர்கள் பட்டா, சிட்டா, அடங்கல், 'அ' பதிவேடு ஆகியவற்றில் தொடர்ந்து வருகின்றன. பழைய கிரயப் பத்திரங்கள் இன்னும் விரிவானவை. விற்பவர், வாங்குபவர், அவர்களின் தந்தையர் பெயர், ஊர், சாதி, தொழில், செக்குபந்தி எனப்படும் நான்கு எல்லைகள் ஆகியவை அவற்றில் இருக்கும். எல்லை சொல்லும்போது பக்கத்து நிலத்துக்காரர் நால்வரின் பெயர்களும் பதிவாகிவிடுகின்றன. ஒரு குடும்பத்தின் பத்திரத்தில் மற்றொரு குடும்பத்தின் வரலாறு கிடைப்பது இவ்வாறுதான்.

ஊர்க் கணக்கைத் தலைமுறை தலைமுறையாக எழுதிவந்தவர்கள் கர்ணங்கள். 1980 இறுதியில் தமிழ்நாட்டில் பரம்பரைக் கர்ணம், மணியக்காரர் பதவிகள் ஒழிக்கப்பட்டன. பின்னர் கிராம நிர்வாக அலுவலர்கள் வந்தனர். பிறப்பின் அடிப்படையில் வந்த அதிகாரம் நீங்கியது நல்லது. அதே வேளையில், எந்தக் குடும்பம் எந்த ஊரிலிருந்து வந்தது, எந்த நிலம் யாரிடமிருந்து யாருக்குப் போனது என்று அவர்கள் மனத்தில் வைத்திருந்த செய்திகள் எழுதப்படாமலே மறைந்தன.

நிலமற்ற குடும்பங்களின் பெயர்கள் இந்தக் காகிதங்களில் இல்லை. செங்கல்பட்டு ஆட்சியர் திரமென்கீர் அளித்த அறிக்கையைத் தொடர்ந்து, 1892-இல் ஒடுக்கப்பட்ட மக்களுக்கு நிலம் வழங்க ஆணை பிறந்தது. அவையே பஞ்சமி நிலங்கள். ஆதிதிராவிடக் குடும்பங்கள் பலவற்றின் பெயர் அரசுப் பதிவேட்டில் நில உரிமையாளராக இடம்பெறக் காரணமானது இந்த ஒப்படைதான். அந்நிலங்கள் பல இன்று பிறர் கையில் உள்ளன. ஆகவே அப்பழைய பதிவேட்டின் நகலைத் தேடி எடுப்பது குடும்ப வரலாற்றுக்கு மட்டுமன்றி உரிமைக்கும் உதவும்.

கடல் கடந்தவர்கள்

19-ஆம் நூற்றாண்டில் ஆற்காட்டு மாவட்டங்களிலிருந்து பலர் ஒப்பந்தக் கூலிகளாக மொரீசியசு, நேட்டால், பிஜி முதலிய நாடுகளுக்குச் சென்றனர். 1876-78 தாது வருடப் பஞ்சமும் மக்களை ஊரைவிட்டு வெளியேற்றியது. 1860 முதல் 1911 வரை நேட்டாலுக்கு மட்டும் ஏறக்குறைய 1,52,000 இந்தியர்கள் கொண்டுசெல்லப்பட்டனர். கப்பல் பட்டியலில் ஒவ்வொருவருக்கும் ஓர் எண் தரப்பட்டு, பெயர், தந்தை பெயர், வயது, சாதி, ஜில்லா, தாலுகா, கிராமம், உடலில் உள்ள அடையாளம் ஆகியவை எழுதப்பட்டன. பெண்களுக்கும் தனி எண் உண்டு.

இதில் ஒரு வேதனையான முரண் உள்ளது. ஒரே வீட்டில் பிறந்த இருவரில் கப்பல் ஏறியவரின் பெயரும் மச்சமும்கூடப் பதிவாகியிருக்க, நிலமின்றி ஊரிலேயே தங்கியவருக்கு ஒரு வரியும் இல்லாமல் போகலாம். தென்னாப்பிரிக்காவில் இன்று வாழும் வழித்தோன்றல்கள் அப்பட்டியலைக் கையில் வைத்துக்கொண்டு தங்கள் முன்னோரின் ஊரைத் தேடி வருகின்றனர். ஆங்கில எழுத்தர் காதில் விழுந்தபடி எழுதிய ஊர்ப் பெயரை அடையாளம் காண்பதும், ஊரில் அவர்களுக்கு விடை சொல்ல ஒருவர் இருப்பதும் அரிதாக உள்ளன.

அமெரிக்காவில் ஓர் ஒப்பீடு

அமெரிக்கக் கிராமங்களில் குடும்ப வரலாறு தேடுவோர் மாவட்ட நீதிமன்றப் பதிவு, கல்லறைக் கல், குடும்ப விவிலியத்தில் எழுதிய பெயர்கள், மக்கள்தொகைக் கணக்கெடுப்புத் தாள் ஆகியவற்றைப் பயன்படுத்துகின்றனர். அங்கு கணக்கெடுப்புத் தாள்கள் 72 ஆண்டுகளுக்குப் பின் பொதுமக்கள் பார்வைக்கு வைக்கப்படுகின்றன. 1950-ஆம் ஆண்டுத் தாள்கள் 2022-இல் வெளியாயின. அங்கும் எல்லோர் பெயரும் இல்லை. அடிமைகளாக இருந்த கருப்பின மக்களில் மிகப் பெரும்பாலோர் 1870 கணக்கெடுப்பில்தான் முதன்முறையாகப் பெயருடன் இடம்பெற்றனர். இந்தியாவிலோ 1948-ஆம் ஆண்டுச் சட்டப்படி தனியாரின் கணக்கெடுப்பு விவரங்களைப் பிறர் பார்க்க இயலாது. ஆகவே இங்கு வேறு வழிகளை நாட வேண்டும்.

வீட்டிலும் கோயிலிலும் உள்ள சான்றுகள்

முதல் வழி குலதெய்வம். மொட்டை, காதுகுத்து ஆகியவற்றுக்காக ஒரு குடும்பம் தொலைவிலுள்ள பச்சையம்மன், மன்னார்சாமி கோயிலுக்கோ வேறொரு தெய்வத்திடமோ போகிறது என்றால், முன்னோர் அந்தப் பக்கத்திலிருந்து குடிபெயர்ந்திருக்கலாம். அங்கு கூடும் பங்காளிகளிடம் தலைக்கட்டு வரி எழுதிய நோட்டு இருக்கும். அதில் உள்ள தலைக்கட்டுப் பெயர்களை ஆண்டு வரிசையில் அடுக்கினால் கிளைகள் பிரிந்த விதம் தெரியும்.

அடுத்தது மொய் நோட்டு. திருமணத்தில் மொய் வைத்தவரின் பெயர், ஊர், தொகை ஆகியவை அதில் இருக்கும். பெண் கொடுத்த ஊர்களும் பெண் எடுத்த ஊர்களும் இதில் தெரியவரும். கணக்குத் தீர்ந்ததும் பழைய நோட்டைக் கிழித்துவிடும் வீடுகள் பல. பள்ளிச் சேர்க்கைப் பதிவேடும் பயன்தரும். ஆனால் பழைய பதிவேடுகளில் மே, ஜூன் மாதப் பிறந்த நாள்கள் மிகுதி. பள்ளியில் சேர்ப்பதற்காக வயதைக் கணித்து எழுதிய நாள்கள் அவற்றில் பல. அவற்றை உண்மையான பிறந்த நாளாகக் கொள்ளக் கூடாது. பிறப்பு, இறப்புப் பதிவுக்குச் சென்னை மாகாணத்தில் 1899-லேயே சட்டம் வந்தது என்றாலும் கிராமங்களில் பல பிறப்புகள் பதிவாகவில்லை.

விடுபட்ட பெண்கள்

தமிழ்நாட்டில் பெரும்பாலோருக்குக் குடும்பப் பெயர் இல்லை. தந்தையின் முதலெழுத்தே வருகிறது. பேரனுக்குப் பாட்டன் பெயர் வைப்பதால் பட்டாவில் ஒரே பெயர் மாறி மாறி வரும். இந்த வரிசையில் தாய், மகள், மருமகள் எவரும் தென்படுவதில்லை. 1989-இல் தமிழ்நாடு அரசு கொண்டுவந்த சட்டத் திருத்தம் அப்போது திருமணமாகாதிருந்த மகள்களுக்குக் கூட்டுக்குடும்பச் சொத்தில் மகனுக்கு நிகரான உரிமை தந்தது. 2005-இல் இவ்வுரிமை நாடு முழுவதும் வந்தது. வட்டாட்சியர் வழங்கும் வாரிசுச் சான்றில் மகள்களின் பெயரும் இருக்க வேண்டும். ஒரு வகையில் அரசு முத்திரையுடன் கிடைக்கும் குடும்ப மரம் அது. அதில் மகளின் பெயரை விட்டுவிட்டு விண்ணப்பிப்பது சொத்தை மட்டும் அல்லாமல் வரலாற்றையும் மறைப்பதாகும்.

எழுதத் தொடங்கும் முறை

மாணவர்கள் இதை வீட்டிலிருந்தே தொடங்கலாம். குடும்பத்தில் மூத்த பெண்மணியிடம் முதலில் கேட்க வேண்டும். அவர் பிறந்த ஊர், தாயின் பெயர், தாயின் தாய் பெயர், உடன்பிறந்தோர், குழந்தையிலேயே இறந்தவர்கள், ஊரைவிட்டுப் போனவர்கள் என வரிசையாகக் குறிக்கலாம். ஆண்டு தெரியாவிட்டால் பெரும்புயல், பஞ்சம், தேர்தல், ஏரி உடைந்த ஆண்டு என அவர் சொல்லும் அடையாளத்தை அப்படியே எழுத வேண்டும். யார் சொன்னார், எந்த நாளில் சொன்னார் என்பதும் தேவை. அதன் பிறகு பத்திரம், பட்டா, நோட்டு ஆகியவற்றோடு ஒப்பிடலாம். வாய்மொழியும் காகிதமும் மாறுபட்டால் எதையும் அடிக்காமல் இரண்டையும் எழுத வேண்டும். காகிதங்களைப் பிறகும் தேடிக்கொள்ளலாம். பாட்டியிடம் கேட்க வேண்டியதை இந்த விடுமுறையிலேயே கேட்டுவிடுவது நல்லது.