அண்ணாமலையார் கொடுக்கும் திதி

திருவண்ணாமலையில் தைப்பூசத்தன்று ஆண்டுதோறும் ஒரு விசித்திரமான நிகழ்ச்சி நடக்கிறது. சுவாமி மேளதாளத்துடன் ஈசான்ய குளத்துக்குத் தீர்த்தவாரிக்கு எழுந்தருளுகிறார். தீர்த்தவாரி முடிந்து திரும்பும்போது ஒரு சமாசாரம் வருகிறது. வல்லாள மகாராஜா போரில் இறந்துபோனார் என்ற சமாசாரம். அவ்வளவுதான், நாகஸ்வரமும் தவுலும் நின்றுவிடுகின்றன. துக்கச் செய்தி கேட்ட மகன் எப்படி வீடு திரும்புவானோ, அப்படி அண்ணாமலையார் சத்தமில்லாமல் கோயிலுக்குத் திரும்புகிறார். ஏறக்குறைய ஒரு மாதம் கழித்து, மாசி மகத்தன்று, அருகிலுள்ள பள்ளிகொண்டாப்பட்டு கிராமத்தில், கௌதம நதிக்கரையில், அந்த ராஜாவுக்குச் சுவாமியே மகன் ஸ்தானத்தில் இருந்து திதி கொடுக்கிறார்.

ராஜா இறந்து 680 வருஷங்களுக்கு மேல் ஆகிவிட்டன. அவருடைய வம்சம் போயிற்று. அவர் ஆண்ட ராஜ்யம் போயிற்று. அவரைக் கொன்றவர்களின் ராஜ்யமும் போயிற்று. திதி மட்டும் போகவில்லை. திதி என்பதற்கு அப்படி என்ன பெரிய செலவு? எள், தண்ணீர், தர்ப்பை, பிண்டத்துக்கு ஒரு பிடி சோறு.

இதை நான் இப்போது நினைத்துக்கொள்வதற்குக் காரணம், லண்டனிலிருந்து வந்த ஒரு கடிதம். அங்கே குடியேறிய என் நண்பர் ஒருவர் தம் தகப்பனாரை இழந்தார். துக்கத்தைப் பற்றி நாலே வரி எழுதிவிட்டு, அந்திமக் கிரியைக்கு ஆன செலவை ஒரு பக்கம் எழுதியிருந்தார். சவப்பெட்டிக்கு இவ்வளவு, உடலைப் பாதுகாத்து வைத்ததற்கு இவ்வளவு, கறுப்பு வண்டிக்கு இவ்வளவு, அதன் பின்னால் போன காருக்கு இவ்வளவு, தகனசாலைக்கு இவ்வளவு, பெட்டியைத் தூக்கிய ஆட்களுக்கு இவ்வளவு. கடைசியில் ஒரு வாக்கியம்: "தூக்குவதற்கு நாலு பேர் வேண்டும் என்று நம் ஊரில் சொல்வார்களே, அந்த நாலு பேரையும் இங்கே விலைக்குத்தான் வாங்கவேண்டியிருக்கிறது."

நண்பர் மிகைப்படுத்தவில்லை. பிரிட்டனில் சன்லைஃப் என்ற காப்பீட்டு நிறுவனம் வருஷந்தோறும் இந்தச் செலவைக் கணக்கெடுத்து வெளியிடுகிறது. 2004-ல் ஒரு சாதாரண இறுதிச் சடங்குக்குச் சராசரியாக 1,835 பவுன் ஆயிற்று. 2024-ல் 4,285 பவுன். நம் பணத்தில் நாலரை லட்சம் ரூபாய்க்கு மேல். இது பிரபுக்களின் செலவல்ல. பஸ் ஓட்டுகிறவருக்கும் பள்ளிக்கூட வாத்தியாருக்கும் ஆகிற செலவு. சாவு சொல்லிக்கொண்டு வருவதில்லை; வந்த பிறகு நாலு கடை ஏறி இறங்கி விலை விசாரிக்க யாருக்கு மனம் வரும்? துக்க வீட்டில் பேரம் பேசுவது கேவலம் என்று நாம் நினைக்கிறோம். வெள்ளைக்காரரும் அப்படித்தான் நினைக்கிறார்கள். அந்தக் கூச்சத்தின்மேல் கட்டப்பட்ட வியாபாரம் இது.

திருவண்ணாமலை ராஜாவுக்கும் லண்டன் ரசீதுக்கும் என்ன சம்பந்தம் என்று வாசகர்கள் கேட்கலாம். சம்பந்தம் இருக்கிறது. அதற்கு முதலில் ராஜாவின் கதையைச் சொல்லவேண்டும்.

ஹொய்சள வம்சத்தில் வந்த மூன்றாம் வீர வல்லாளரைத்தான் திருவண்ணாமலை ஜனங்கள் வல்லாள மகாராஜா என்கிறார்கள். அவருடைய தலைநகரமான துவாரசமுத்திரத்தை 1311-ல் மாலிக் காபூரின் படையும், பிறகு துக்ளக்கின் படையும் சூறையாடின. ராஜா தெற்கே திருவண்ணாமலையைத் தமக்கு இருப்பிடமாக்கிக்கொண்டார். கோயிலில் இன்றும் வல்லாள மகாராஜா கோபுரம் என்றே ஒரு கோபுரம் நிற்கிறது. 1342-ல் அவர் மதுரை சுல்தானோடு போர் செய்தார். சமயபுரத்துக்கு அருகிலுள்ள கண்ணனூரில் கோட்டையை முற்றுகையிட்டு, உள்ளே இருந்தவர்கள் சரணடைவதைப் பற்றி யோசிக்க அவகாசம் கொடுத்தார். அந்த அவகாசத்தில் மதுரையிலிருந்து சுல்தான் கியாசுத்தீன் திடீரென்று வந்து பாய்ந்தார். எண்பது வயதுக் கிழவரான ராஜா சிறைப்பட்டார்.

பிறகு நடந்ததை எழுதிவைத்தவர் இபின் பதூதா என்ற உலகம் சுற்றிய யாத்திரிகர். அவர் சுல்தானுக்கு உறவு முறையும் ஆகவேண்டும். ராஜாவை விடுவிப்பதாக ஆசை காட்டி, அவருடைய செல்வத்தையும் யானை குதிரைகளையும் வாங்கிக்கொண்டார்கள். வாங்கிய பிறகு கொன்று, தோலை உரித்து, வைக்கோலை அடைத்து மதுரைக் கோட்டைச் சுவரில் தொங்கவிட்டார்கள். அது தொங்கியதைத் தம் கண்ணால் பார்த்ததாக யாத்திரிகர் எழுதுகிறார்.

இது சரித்திரம். திருவண்ணாமலையில் சொல்லும் கதை வேறு. எல்லப்ப நாவலர் பாடிய அருணாசல புராணத்திலும் அந்தக் கதை வருகிறது. ராஜாவுக்குப் பிள்ளை இல்லை. கேட்டதை இல்லை என்னாமல் கொடுப்பவர் அவர். அவரைச் சோதிக்கச் சிவபெருமான் அடியார் வேஷத்தில் வந்து ஒரு பெண் வேண்டும் என்கிறார். ஊரில் இருந்த தாசிகளை எல்லாம் முன்பே அடியார் கூட்டம் அமர்த்திக்கொண்டுவிட்டது. கொடுத்த வாக்குத் தவறக்கூடாதென்று இளைய ராணி சல்லமாதேவியே அடியாரின் அறைக்குப் போகிறாள். அவள் தொட்டதும் அடியார் பச்சைக் குழந்தையாகிவிடுகிறார். "நானே உனக்குப் பிள்ளை, உன் உத்தரக் கிரியைகளை நானே செய்வேன்" என்று இறைவன் வாக்குக் கொடுக்கிறார்.

இங்கேதான் ஒரு விசேஷம். உண்மையில் அந்த ராஜாவுக்குப் பிள்ளை இருந்தான். விருபாட்ச வல்லாளன் என்று பெயர். தகப்பனாருக்குப் பிறகு 1343-ல் பட்டத்துக்கு வந்தான். அப்படியிருக்க, ஊர் ஏன் அவரைப் பிள்ளையில்லாதவர் என்றது? கதை எழுதிப் பழகிய எனக்கு ஒன்று தோன்றுகிறது. பிள்ளை இருந்து என்ன பிரயோஜனம்? கொள்ளி வைக்க உடல் எங்கே? உடல் எதிரியின் கோட்டைச் சுவரில் தொங்கிக்கொண்டிருந்தது. ஊரைக் காத்து நின்ற கிழவர் ஒரு பிடி வாய்க்கரிசிகூட இல்லாமல் போனாரே என்ற தாபம் ஜனங்களுக்குத் தாங்கவில்லை. மனிதப் பிள்ளையால் செய்ய முடியாமற்போன கடனைத் தெய்வத்தின் தோளில் ஏற்றினார்கள். என் ஊகம் தவறாகவும் இருக்கலாம். ஆனால் அந்தத் திதியில் பக்தியைப் போலவே ஊராரின் வெட்கமும் கலந்திருக்கிறது என்றுதான் எனக்குப் படுகிறது.

இறந்தவனுக்காக "நான் இருக்கிறேன்" என்று உரிமையோடு வந்து நிற்க ஒரு ஆள். சடங்கின் உயிர்நாடி அதுதான். அந்த ஆள் இருந்தால் எள்ளும் தண்ணீரும் போதும். இல்லாவிட்டால் அந்த இடத்தைப் பணத்தால் நிரப்பப் பார்க்கிறோம். இங்கிலாந்தின் கதை இதைத் தெளிவாகக் காட்டுகிறது.

வாட்டர்லூவில் வெற்றி கண்ட வெல்லிங்டன் பிரபு 1852 செப்டம்பர் 14-ல் இறந்தார். நவம்பர் 18-ல்தான் அடக்கம் செய்தார்கள். இடையில் இரண்டு மாதம் ஏற்பாடு! பீரங்கி வெண்கலத்தை உருக்கிப் பிரம்மாண்டமான ரதம் ஒன்று செய்தார்கள். 12 குதிரைகள் இழுத்த அந்த ரதம் வழியில் மண்ணில் புதைந்து, ஆட்கள் சேர்ந்து தள்ளவேண்டியதாயிற்று. ராஜாங்கம் காட்டிய இந்த ஆடம்பரத்தைப் பார்த்துப் பணக்காரர்களும், பணக்காரர்களைப் பார்த்து நடுத்தர வகுப்பாரும் காப்பியடித்தார்கள்.

சார்லஸ் டிக்கன்ஸின் 'ஆலிவர் ட்விஸ்ட்' படித்தவர்களுக்குச் சவப்பெட்டி செய்யும் சவர்பெர்ரியை நினைவிருக்கும். ஆலிவரின் சோகமான முகத்தைப் பார்த்து, குழந்தைகளின் சவ ஊர்வலத்தில் முன்னே நடந்து போக அவனை அமர்த்துகிறார். அப்படி நடப்பவருக்கு 'ஊமை' என்றே பெயர். நம் ஊரில் கூலிக்கு ஒப்பாரி வைப்பார்கள். அங்கே கூலிக்கு மௌனம் சாதித்தார்கள்! இந்த வேடிக்கையை வெறுத்த டிக்கன்ஸ், தம் இறுதிச் சடங்கு செலவில்லாமலும் ஆடம்பரமில்லாமலும் நடக்கவேண்டும் என்று உயில் எழுதிவைத்தார். 1870 ஜூனில் அவர் இறந்தபோது தேசம் அவரை வெஸ்ட்மின்ஸ்டர் ஆலயத்தில் அடக்கம் செய்ய விரும்பியது. காலை வேளையில், ஒரு சிலர் மட்டும் நிற்க, அமைதியாக அடக்கம் நடந்தது.

1854-ல் லண்டனிலிருந்து புரூக்வுட் மயானத்துக்குத் தனி ரயிலே விட்டார்கள். உயிரோடிருப்பவர்களுக்கு மூன்று வகுப்பு. பிரேதங்களுக்கும் மூன்று வகுப்பு. துக்கத்துக்குப் போகிறவர் திரும்பி வரவும் டிக்கெட் வாங்கலாம். பெட்டியில் போகிறவருக்கு ஒருவழி டிக்கெட்தான். 1941-ல் ஜெர்மானியக் குண்டு லண்டன் நிலையத்தைத் தகர்க்கும் வரையில் அந்த ரயில் ஓடியது.

ஏழைகள் பாடுதான் பரிதாபம். 1832-ல் வந்த ஒரு சட்டத்தின்படி, அநாதை விடுதியில் இறந்து, கேட்பாரற்றுக் கிடந்த உடல்களை வைத்தியக் கல்லூரிகளுக்கு அறுத்துப் படிக்கக் கொடுக்கலாம். அதனால் வயிற்றைக் கட்டியாவது சவ அடக்கச் சங்கங்களில் வாரச் சந்தா கட்டினார்கள். 1854-ல் புருடென்ஷியல் கம்பெனி வாரம் ஒரு பென்னி வசூலித்து ஏழைகளுக்கு இன்ஷூரன்ஸ் கொடுக்கத் தொடங்கியது. கேட்பாரற்றவன் என்ற பெயர் வரக்கூடாதே என்ற பயம்தான் அந்தப் பென்னியைக் கொடுக்கவைத்தது.

இன்றும் அந்தப் பயம் விற்பனையாகிறது. உயிரோடு இருக்கும்போதே தவணை கட்டி வைக்கும் திட்டங்கள் அங்கே உண்டு. அவற்றில் ஒரு கம்பெனி 2022-ல் திவாலாயிற்று. சுமார் 46,000 பேர் கட்டிய பணம் ஆபத்துக்குள்ளாயிற்று, பெரும்பாலோர் வயோதிகர்கள். அந்த வருஷம் ஜூலைக்குப் பிறகுதான் இத்தகைய திட்டங்கள் அரசாங்கக் கண்காணிப்பின் கீழ் வந்தன. அதற்கு முந்திய வருஷம், எல்லோரும் விலைப்பட்டியலைக் கடையில் தொங்கவிட வேண்டுமென்று உத்தரவு போட்டார்கள். செலவுக்குப் பயந்து, சடங்கோ கூட்டமோ இல்லாமல் உடலை நேரே தகனசாலைக்கு அனுப்பிவிடுகிறவர்களும் பெருகிவருகிறார்கள்.

ஆனால் அதே இங்கிலாந்தில் நம் மனத்தை உருக்கும் இடம் ஒன்று இருக்கிறது. முதல் உலகப் போரில் காயம்பட்டு பிரைட்டன் ஆஸ்பத்திரிகளில் இறந்த இந்துக்களும் சீக்கியருமான 53 இந்தியச் சிப்பாய்களை ஊருக்கு வெளியே குன்றின்மேல் தகனம் செய்தார்கள். பிள்ளையும் பெண்டாட்டியும் கடலுக்கு இப்பால். சிதை மூட்டியது உடன் வந்தவர்கள். 1921-ல் அந்த இடத்தில் சத்ரி என்ற வெள்ளைச் சலவைக்கல் மண்டபம் எழுந்தது. இன்றும் ஜூன் மாதத்தில் மனிதர்கள் குன்றேறிப் போய் மலர்வளையம் வைக்கிறார்கள். அதுவும் ஒரு திதி என்றுதான் நான் சொல்வேன்.

இதையெல்லாம் சொல்லி, "பார்த்தீர்களா, நம் ஊர்தான் உசத்தி" என்று முடிக்கலாம். அது நியாயமல்ல. நம் ஊர்ச் சாவு மலிவாக இருந்ததற்கு இரண்டு காரணங்கள் உண்டு. ஒன்று நல்ல காரணம்: பங்காளிகள் ஓடி வந்தார்கள், சம்பந்தி வீட்டார் கோடித் துணி கொண்டுவந்தார்கள், அக்கம்பக்கத்தார் சோறாக்கிப் போட்டார்கள். மற்றொன்று கெட்ட காரணம்: பறை அடிக்கவும், குழி வெட்டவும், வேகும் உடலருகே இரவெல்லாம் காத்திருக்கவும் ஒரு ஜாதியாரைக் கட்டாயமாக வைத்திருந்தோம். அவர்களுக்குக் கொடுத்தது கூலி அல்ல, பிச்சை. "இனி அடிக்கமாட்டோம்" என்று பறையைக் கீழே வைத்தவர்கள் அடியும் உதையும் பட்டார்கள்.

நம் மயான வாசலில் அரிச்சந்திரன் நிற்கிறான். செத்தது சொந்த மகன், சுமந்து வந்தது சொந்த மனைவி என்று தெரிந்தும் கால் பணமும் முழத் துண்டும் கேட்டான். அவனைக் கல்நெஞ்சன் என்று யாரும் சொல்வதில்லை. மயானத்தில் வேலை செய்தவனுக்குரியதைக் கொடுத்துத்தான் தீரவேண்டும் என்பது அந்தக் கதையிலேயே இருக்கிறது. கூலி வேறு, ஜம்பம் வேறு. கூலியைக் குறைத்துவிட்டு ஜம்பத்துக்குக் கடன் வாங்குகிறோமே, அதுதான் தப்பு. பூப்பல்லக்கு, அதிர்வேட்டு, தெருவை அடைத்துப் பந்தல், ஆளுயரப் படம் போட்ட பேனர், கருமாதி விருந்து! வட்டிக்கு வாங்கிய பணத்தை, செத்தவரின் பேரன் பள்ளிக்கூடச் சம்பளம் கட்டவேண்டிய வருஷத்தில் அடைத்துக்கொண்டிருக்கும் குடும்பங்களை நான் பார்த்திருக்கிறேன்.

2020 ஏப்ரலில் சென்னையில் கொரோனாவுக்குப் பலியான டாக்டர் ஒருவரின் உடலை அடக்கம் செய்யவிடாமல் ஒரு கூட்டம் கல்லெறிந்து விரட்டியது. மனைவியும் மகனும் அருகில் நிற்க முடியவில்லை. அந்த இரவில், நண்பரான இன்னொரு டாக்டர் இரண்டு ஆஸ்பத்திரி ஊழியர்களுடன் உடலை மறுபடியும் மயானத்துக்குக் கொண்டுபோய், மண்வெட்டியாலும் கையாலும் மண்ணைத் தள்ளிக் குழியை மூடினார். அந்தக் கொள்ளைநோய்க் காலத்தில், ஜாதி மதம் பாராமல் முன்பின் தெரியாதவர்களின் உடல்களைச் சுமந்த தொண்டர்கள் பல ஊர்களில் இருந்தார்கள். அவர்கள் ரசீது எதுவும் எழுதவில்லை.

வல்லாள மகாராஜாவின் கஜானா எதிரியிடம் போயிற்று. உயிரைக்கூட அதனால் வாங்க முடியவில்லை. அவருக்குக் கிடைத்த மரியாதை, ஊரார் அவரை அநாதை என்று விட்டுவிட மறுத்ததால் கிடைத்தது. சிவபெருமானே செய்யக் கூச்சப்படாத காரியத்தை நாம் பக்கத்து வீட்டுக்காரருக்குச் செய்தால் ஒன்றும் குறைந்துவிடாது. அடுத்த தெருவில் சாவு என்று காதில் விழுந்தால், மாலை வாங்கக் கடைக்குப் போகவேண்டாம். சட்டையைக் கழற்றி வைத்துவிட்டு, தோள் கொடுக்கப் போனால் போதும்.