தேயிலை மலையும் திரைக்கதையும்: மலையகச் சுயாதீனச் சினிமாவின் வரலாறு

நுவரெலியாவுக்கு வடகிழக்கே மகாவலிப் படுகையை நோக்கிச் சரிந்திறங்கும் வலப்பனைப் பிரதேசத்தில் ஒரே மலையின் மீது இரண்டு சமூகங்கள் அடுக்காக வாழ்கின்றன. இராகலை, ஹைபொரஸ்ட், ஹல்கரனோயா என விரியும் மேல்மலையில் தேயிலைத் தோட்டங்களும் அவற்றின் தமிழ்த் தொழிலாளரும் இருக்க, நில்தண்டாஹின்னையையும் வலப்பனை நகரத்தையும் சூழ்ந்த கீழ்ச்சரிவில் படிவயல்களும் சிங்களக் கிராமங்களும் பரந்திருக்கின்றன. 1818ஆம் ஆண்டின் ஊவா-வெல்லஸ்ஸக் கிளர்ச்சியையும் அதை நசுக்கப் பிரித்தானியர் நடத்திய பேரழிவையும் கண்ட இச்சரிவுகளின் மேற்பகுதி, பின்னர் முதலில் கோப்பிக்கும் அதன்பின் தேயிலைக்கும் திறக்கப்பட்டது. நானுஓயாவிலிருந்து இராகலை வரை ஏறத்தாழ 30 கிலோமீற்றர் நீளத்துக்கு ஓடிய குறுகிய இருப்புப் பாதை, 1904இல் இராகலையை எட்டி, தேயிலைப் பெட்டிகளை மேலிருந்து இறக்கியும் அரிசியையும் ஆட்களையும் கீழிருந்து ஏற்றியும் இயங்கி, 1948இல் நிரந்தரமாக மூடப்பட்டது. மலையகத் தமிழர் எனப்படும் இத்தோட்டத் தமிழரின் குடியுரிமையைப் பறித்த இலங்கைப் பிரசாவுரிமைச் சட்டம் நிறைவேறியதும் அதே ஆண்டிலேயே.

இம்மலைகளைத் திரைப்படக் கருவி வெகு காலத்துக்கு முன்பே கண்டுகொண்டது. ஆனால் அது கண்டதை எழுதியவர் யார் என்ற கேள்வியிலிருந்துதான் மலையகச் சினிமாவின் வரலாற்றைப் படிக்க வேண்டியிருக்கிறது. இங்கே கருவி முதலில் வந்தது, எழுத்தாளர் அடுத்து வந்தார், தாமே எழுதித் தாமே இயக்கும் படைப்பாளி எல்லோருக்கும் கடைசியாக வந்தார். இந்த வரிசை தற்செயலானதன்று.

1934ஆம் ஆண்டு பசில் ரைட் இயக்கத்திலும் ஜோன் கிரியர்சனின் தயாரிப்பிலும் உருவான 'சோங் ஒஃப் சிலோன்' என்ற ஆவணப்படம், இலங்கைத் தேயிலைப் பிரசார சபையின் பணத்தில் எடுக்கப்பட்டது. விளம்பரத்துக்கென ஒப்படைக்கப்பட்ட வேலையை ரைட் கவிதையாக மாற்றினார் என்று உலகத் திரைப்பட வரலாறு அவரைப் போற்றுகிறது. அப்போற்றுதலில் நியாயம் உண்டு. எனினும் வணிகத்தின் குரல்களுக்கென ஒதுக்கப்பட்ட அதன் பகுதியில், உழைக்கும் மனிதரின் காட்சிகள் மீது சந்தை விலைகளும் வணிகக் கட்டளைகளும் ஒலிக்கின்றன. திரையில் தோன்றுபவர் உழைக்கிறார், பேசுவதோ சந்தை. இருபது ஆண்டுகளுக்குப் பின் வந்த 'எலிபன்ட் வோக்' (1954) என்ற ஹொலிவூட் படத்தில் தோட்டத்துரையின் மாளிகையும் அவருடைய மனைவியின் மனக்கலக்கமுமே கதையாகின்றன; தொழிலாளர் அக்கதையின் பின்னணி மட்டுமே. இவ்விரு படங்களையும் அடுத்தடுத்துப் பார்ப்பவருக்கு, மலையகத்தின் குறை படம் பிடிக்கப்படாமை அன்று, திரைக்கதை எழுதப்படாமை என்பது விளங்கும். காட்சிகளின் வரிசை, பாத்திரங்களின் நடத்தை, உரையாடல் ஆகியவற்றைப் படப்பிடிப்புக்கு முன்பே தாளில் வகுத்துக்கொள்வதே திரைக்கதை எனப்படுவது. யார் பேசுவார், யார் கேட்டுக்கொண்டிருப்பார் என்பது அங்கேயே தீர்மானமாகிவிடுகிறது.

பெரிய படப்பிடிப்பு நிலையங்களின் முதலீட்டுக்கும் அவற்றின் வாய்பாட்டுக்கும் உட்படாமல், தாமே பணம் திரட்டித் தம் எண்ணப்படி படமெடுப்பவரைச் சுயாதீன இயக்குநர் என்று அழைக்கிறோம். இலங்கையில் அத்தகைய வழி திறந்தது 1950களின் நடுவில்தான். முதலாவது சிங்களப் பேசும்படமான 'கடவுனு பொறொந்துவ' (1947), மதுரையைச் சேர்ந்த எஸ். எம். நாயகத்தின் தயாரிப்பில் தென்னிந்தியப் படப்பிடிப்பு நிலையத்தில் உருவானது. அதன் பின்வந்த சிங்களப் படங்களும் பல ஆண்டுகள் தென்னிந்திய வார்ப்பிலேயே அமைந்தன. அரச திரைப்படப் பிரிவில் பணியாற்றிக்கொண்டிருந்த லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ், ஒளிப்பதிவாளர் வில்லியம் பிளேக்கையும் படத்தொகுப்பாளர் டைட்டஸ் தொட்டவத்தையையும் உடன் அழைத்துக்கொண்டு வேலையிலிருந்து விலகி, கிராமத்தின் இயற்கை வெளிச்சத்தில் 'ரேகாவ' (1956) படத்தை எடுத்தபோது அவ்வார்ப்பு உடைந்தது. சிங்களச் சினிமாவுக்கு அவ்வாறு கிடைத்த திறப்பு, மலையகத் தமிழருக்கு அப்போது எட்டவில்லை. வாக்கும் நாடும் இழந்து, வாழும் அறையும் தோட்ட நிர்வாகத்துக்கே சொந்தமாக இருந்த ஒரு சமூகத்திலிருந்து முதலீட்டாளர் எங்கிருந்து வருவார்?

ஆயினும் கதை சொல்லும் மரபு அங்கே வறண்டிருக்கவில்லை. மாசி மாதத்தில் தோட்டந்தோறும் ஆடப்படும் காமன் கூத்தில், ரதியும் மன்மதனும் லயங்களுக்கு இடையேயான பாதைகளில் நடந்து வருவர்; லயம் என்பது முதுகோடு முதுகு ஒட்டி நீளமாகக் கட்டப்பட்ட தொழிலாளர் குடியிருப்பு வரிசை. சிவன் மன்மதனை எரிக்கும் இரவில் தோட்டம் முழுவதும் மேடையாகிறது. பார்ப்பவருக்கும் நடிப்பவருக்கும் இடையே திரை இல்லை. அருச்சுனன் தபசும் பொன்னர் சங்கரும் இவ்வாறே ஆடப்பட்டன. 1920களிலும் 1930களிலும் தொழிற்சங்கத்தைக் கட்டிய கோ. நடேசையர் நாடகமும் எழுதினார். அவருடைய துணைவி மீனாட்சியம்மாள் கூட்டங்களில் பாடல்களைப் பாடியே தொழிலாளரைத் திரட்டினார். பூண்டுலோயாவுக்கு அருகே மடக்கும்புரத் தோட்டத்தில் பிறந்த சி. வி. வேலுப்பிள்ளை, தொழிற்சங்கப் பணியோடு கவிதையும் நாவலும் எழுதியதுடன் நாட்டார் பாடல்களையும் தொகுத்தார். ஆக, மலையகத்தில் கலைஞர் என்பவர் பெரும்பாலும் ஆசிரியராகவோ தொழிற்சங்கவாதியாகவோ இருந்தார். கலையால் மட்டும் பிழைப்பது அங்கே இயலாதிருந்தது. பின்னாளில் திரைப்படத்துக்கும் இதுவே விதியாயிற்று.

இலங்கையில் தயாரான முதலாவது தமிழ்ப்படம் 'சமுதாயம்' (1962). 16 மில்லிமீற்றர் படச்சுருளில் எடுக்கப்பட்ட அதை ஹென்றி சந்திரவன்ச இயக்கினார். திரையரங்குகளுக்குரிய 35 மில்லிமீற்றரில் உருவான முதலாவது உள்ளூர்த் தமிழ்ப்படம் 'தோட்டக்காரி' (1963). பி. எஸ். கிருஷ்ணகுமார் எழுதி இயக்கி நடித்த அப்படத்தின் பெயரே, உள்ளூர்த் தமிழ்ச் சினிமா தன் முதலடியில் தேயிலை மலையை நோக்கியிருந்ததைச் சொல்கிறது. அதற்கு மறு ஆண்டு, 1964 ஒக்ரோபர் 30ஆம் திகதி, சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தம் கையெழுத்தாகி, நாடற்றவர் எனக் கணக்கிடப்பட்ட 975,000 பேரில் 525,000 பேர் இந்தியாவுக்கும் 300,000 பேர் இலங்கைக்கும் என்று பிரிக்கப்பட்டனர். எஞ்சிய 150,000 பேரின் வாழ்வு பின்னொரு பேச்சுக்கு ஒத்திவைக்கப்பட்டது. தம் படங்களுக்குப் பார்வையாளராக வேண்டிய மக்கள், ஊர் விட்டுப் போவதற்கு மனு எழுதிக்கொண்டிருந்த காலத்தில்தான் இவ்வியக்குநர்கள் தொழில் செய்தார்கள். அத்துடன் அவர்கள் போட்டியிட்டது சென்னைப் படங்களுடன். நாவலப்பிட்டியில் பிறந்தவராகச் சொல்லப்படும் எம். ஜி. ஆரின் படம் வந்தால் தோட்டமே நகரத்துக்கு இறங்கிப்போகும் நிலையில், குறைந்த செலவில் எடுக்கப்பட்ட உள்ளூர்ப் படத்துக்குத் திரையரங்கில் நாள் கிடைப்பதே அரிதாயிருந்தது.

1972இல் செயற்படத் தொடங்கிய அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் இறக்குமதியையும் விநியோகத்தையும் தன் கையில் எடுத்துக்கொண்டபோது, உள்ளூர்ப் படங்களுக்குச் சற்று மூச்சுவிட இடம் கிடைத்தது. அந்த இடைவெளியில் உருவானதே 'புதிய காற்று' (1975). தொழிற்சங்கத் தலைவரான வி. பி. கணேசன் தயாரித்து முதன்மை வேடமும் ஏற்ற இப்படத்தை எஸ். ராமநாதன் இயக்கினார், எழுத்துப் பொறுப்பு தெளிவத்தை ஜோசப்பிடம் வந்தது. பதுளைப் பகுதியின் தோட்டமொன்றில் 1934இல் பிறந்து, தெளிவத்தைத் தோட்டப் பாடசாலையில் ஆசிரியராக இருந்து, அத்தோட்டத்தின் பெயரையே தம் பெயரின் முன்னொட்டாக்கிக்கொண்ட ஜோசப், அதற்கு முந்திய ஆண்டில்தான் 'காலங்கள் சாவதில்லை' நாவலை வெளியிட்டிருந்தார். தேயிலைத் தோட்டத்தை உள்ளிருந்து அறிந்த ஒருவரின் பேனா திரைக்கதைக்குள் நுழைந்த தருணம் அது.

அதன் முக்கியத்துவத்தை மொழியில் வைத்தே அளக்க வேண்டும். தோட்டத்தில் காலையில் ஆட்களைக் கூட்டி வேலை பிரிப்பதைப் பிரட்டு என்பார்கள். ஒரு நாள் வேலைக்குரிய கூலிப் பதிவே பேர் எனப்படும். பறித்த கொழுந்தின் நிறை குறைந்தால் முழுப்பேர் அரைப்பேராகிவிடும். ஒரு தாய் மாலையில் லயத்துக்கு வந்து, அரைப்பேர்தான் விழுந்தது என்று சொல்லும்போது, அந்த ஒரு வாக்கியத்துக்குள் அடைமழையும் தராசும் கணக்கப்பிள்ளையின் பேனாவும் இரவுச் சாப்பாட்டின் அளவும் அடங்கியிருக்கின்றன. சென்னைத் திரைவசனத்தின் அடுக்குமொழி இதைத் தாங்காது. ஜோசப்பின் கதைகளில் உயிரோடிருக்கும் இம்மொழி, உள்ளூர்த் திரைக்கதைக்கு யார் தேவை என்பதைத் தெளிவாகக் காட்டிற்று.

'புதிய காற்று' வெளிவந்த ஆண்டின் பின்புலமும் கனமானது. 1972இலும் 1975இலும் வந்த காணிச் சீர்திருத்தங்களால் தோட்டங்கள் அரசுடைமையாகிக்கொண்டிருந்தன. 1973-74 பஞ்சத்தில் தோட்டங்களில் பட்டினிச் சாவுகள் நேர்ந்திருந்தன. இந்தியாவுக்குக் கப்பலேறுவோரின் வழியனுப்புகள் அன்றாட நிகழ்வாகியிருந்தன. கணேசன் 'நான் உங்கள் தோழன்' (1978), 'நாடு போற்ற வாழ்க' (1981) என்ற இரு படங்களையும் தொடர்ந்து தயாரித்தார். மூன்று படங்கள் என்பது சிறிய எண்ணிக்கையாகத் தோன்றலாம். ஆனால் ஒவ்வொரு படமும் முதலிலிருந்து பணம் தேடி, முதலிலிருந்து ஆள் சேர்த்து எடுக்கப்பட்ட சூழலில், தொழிற்சங்க மேடையின் நம்பிக்கையைத் திரைக்கான முதலாக்கிய அவருடைய துணிவு இலங்கைத் தமிழ்ச் சினிமாவில் தனி இடம் பெறத் தக்கது.

தமிழருக்கு எதிரான 1983 ஜூலை வன்செயல்கள் இவ்வழியை அறுத்தன. தமிழருக்குச் சொந்தமான ஹெந்தளை விஜயா படப்பிடிப்பு நிலையம் தீக்கிரையானது. சிங்களச் சினிமாவில் நீண்டகாலம் உழைத்த இயக்குநர் கே. வெங்கட் கொல்லப்பட்டார். எரிந்தவற்றுள் படச்சுருள்களும் இருந்தன. இன்று அக்காலத்துத் தமிழ்ப்படங்கள் பலவற்றை வரலாற்றாசிரியர் சுவரொட்டிகளையும் பத்திரிகைக் குறிப்புகளையும் கொண்டே மீட்டெழுத வேண்டியிருப்பது பெரும் இழப்பு.

முப்பது ஆண்டுகள் கழித்து வந்த 'இங்கிருந்து' (2013) இவ்வரலாற்றில் வேறொரு தொடக்கம். யாழ்ப்பாணத்தைச் சேர்ந்தவரும் பேராதனைப் பல்கலைக்கழகத்தின் ஆங்கிலப் பேராசிரியரும் கவிஞரும் நாடகாசிரியருமான சுமதி சிவமோகன், மலையகத் தமிழரைப் பற்றிய இம்முழுநீளப் படத்தைத் தாமே எழுதி இயக்கினார். புனைவும் ஆவணமும் ஊடாடும் அதன் அமைப்பு, ஒரு நாயகனின் வெற்றியை நோக்கி ஓடாமல், ஒரு சமூகத்தின் நினைவை நின்று பார்க்கிறது. தமிழும் சிங்களமும் ஆங்கிலமும் படத்தில் அவரவர் வாயில் அவரவர் மொழியாகவே வருகின்றன. மேல்மலையும் கீழ்ச்சரிவும் ஒன்றையொன்று கேட்கும் வலப்பனை போன்ற இடத்தில் வாழ்பவருக்கு இது புதுமையன்று, உண்மை. சிங்களத் திரையுலகில் உழைத்த தமிழ் இசைக்கலைஞரைப் பற்றி 2017இல் சுமதி எடுத்த படமும், யாழ்ப்பாண முஸ்லிம்களின் வெளியேற்றத்தைத் தொட்ட 'த சிங்கிள் டம்ளர்' படமும் அதே தேடலின் தொடர்ச்சிகள். விரிவுரைச் சம்பளத்தில் வாழ்ந்துகொண்டே படமெடுக்கும் அவருடைய தொழில்வாழ்வில், ஆசிரியரே கலைஞராகும் அந்தப் பழைய மலையக விதி, யாழ்ப்பாணத்தவர் ஒருவரின் வழியாகத் திரும்பி வருவதைக் காணலாம்.

தோட்டத்தைப் படமாக்குவதில் கைவினை சார்ந்த ஒரு சிக்கல் உண்டு. அதைச் சொல்லாமல் இவ்வரலாறு நிறைவுறாது. லயத்தின் ஓர் அறை, அதாவது காம்பரா, பழைய அமைப்பில் பத்தடிக்குப் பன்னிரண்டடி அளவினது. அடுப்பும் பாயும் துணிக்கொடியும் சாமிப்படமும் அதற்குள்ளேயே இருக்க, புகையேறிய சுவர் வெளிச்சத்தை விழுங்கிக்கொள்ளும். படக்கருவியைப் பின்னுக்கு இழுக்க இடமில்லை. ஆகவே இயக்குநருக்கு இரண்டு வழிகளே எஞ்சுகின்றன. ஒன்று, வெளித் திண்ணையில் நின்று கதவுச் சட்டத்துக்குள் மனிதரைப் பார்ப்பது; மற்றது, ஒரு முகத்துக்கு ஒரு முழத் தூரத்தில் நெருங்கி உட்கார்வது. முதலாவது விருந்தாளியின் பார்வை, இரண்டாவது உறவினரின் பார்வை. மலைச்சரிவின் பச்சை விரிப்பைத் தொலைவிலிருந்து காட்டும் அழகான காட்சிகள் ஏராளமாகக் குவிந்திருப்பதற்கும், காம்பராவுக்குள் எடுக்கப்பட்ட காட்சிகள் அரிதாக இருப்பதற்கும் காரணம் அழகுணர்ச்சி மட்டுமன்று, இந்த இட நெருக்கடியும்தான். அதைத் திரைக்கதையிலேயே கணக்கில் எடுக்க வேண்டும். எத்தனை பேர் அறைக்குள் இருக்கிறார்கள் என்பதே அங்கே காட்சியின் வடிவத்தைத் தீர்மானிக்கிறது.

பருவமும் அவ்வாறே. வலப்பனையை ஒட்டிய உடப்புசல்லாவைப் பக்கச் சரிவுகள் வடகீழ்ப் பருவமழையை நேரே வாங்குவன. ஆண்டின் கடைசி மாதங்களில் தொடங்கும் மழை நிலத்தை நெகிழ வைத்துவிடும். 2007 ஜனவரியில் வலப்பனையிலும் ஹங்குராங்கெத்தையிலும் மலை சரிந்து உயிர்களையும் வீடுகளையும் கொண்டுபோனது. ஜூலை முதல் செப்ரெம்பர் வரையிலான காய்ந்த காற்றிலோ இப்பகுதித் தேயிலையின் மணம் மிகும். படப்பிடிப்புக்கு ஏற்ற தெளிந்த வெளிச்சமும் அப்போதுதான், கொழுந்தெடுப்பவர் ஒரு நாள் பேரை இழந்து நடிக்க வர இயலாத வேலைக்காலமும் அப்போதுதான். உள்ளூர் மக்களையே நடிகராக்க விரும்பும் இயக்குநர், அவர்கள் இழக்கும் நாட்கூலியைத் தம் செலவுக் கணக்கின் முதல் வரியாக எழுத வேண்டியிருக்கிறது.

எண்முறைக் கருவிகள் வந்த பின் கொட்டகலையிலும் ஹட்டனிலும் இராகலையிலும் இளைஞர் குறும்படம் எடுப்பது எளிதாகியிருக்கிறது. மலையகத் தமிழர் இலங்கைக்கு வந்த 200 ஆண்டு நினைவாக 2023இல் தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரை, முன்னோர் நடந்த வழியிலேயே மக்கள் மீண்டும் நடந்தபோது, அந்நடையைக் கைபேசிகளில் பதிவுசெய்தவர்களுள் தோட்டத்துப் பிள்ளைகளும் இருந்தார்கள். ஆனால் எடுத்த படத்தைத் தோட்டத்திலேயே காட்டுவதற்கு அரங்கம் இல்லை. கோவில் முற்றத்திலோ பாடசாலை மைதானத்திலோ இரு கம்பங்களுக்கிடையே வெள்ளை வேட்டியைக் கட்டி, மூடுபனி இறங்குவதற்குள் காட்டி முடிக்க வேண்டும்; முன்வரிசையில் தரையில் அமர்ந்திருப்பவர்கள், அதே முற்றத்தில் மாசி மாதத்து இரவில் மன்மதன் எரிவதைப் பார்த்திருந்தவர்கள்.