கிராணி: ஒரு சொல்லின் பயணமும் ஓர் எழுத்தின் விலையும்



அண்மையில் ஐந்தாம் ஆண்டு மாணாக்கர்களுக்கு ஒரு சிறு பணி கொடுத்திருந்தேன். வீட்டிலுள்ள தாத்தா, பாட்டியிடம் அமர்ந்து, தோட்டத்தில் வழங்கிய பழஞ்சொற்கள் பத்தினைக் கேட்டுப் பொருளுடன் எழுதி வரவேண்டும். பெரட்டு, மங்கு, நிரை, ஒட்டுப்பால், லயம், தண்டல், கங்காணி என்று நல்ல அறுவடையே வந்து சேர்ந்தது. ஒரு மாணவன் மட்டும் 'கிராணி' என்று எழுதி, அதற்கு நேரே 'சுவரில் உள்ள விரிசல்' என்று பொருள் எழுதியிருந்தான்.

அழைத்துக் கேட்டேன். "அது இங்கிலீஷ்காரன் காலத்துச் சொல் என்று தாத்தா சொன்னார் ஐயா. பொருள் சொல்வதற்குள் அவருக்கு உறக்கம் வந்துவிட்டது. நானே ஆங்கில அகராதியில் பார்த்தேன்" என்றான்.

வகுப்பு சிரித்தது. நானும் சிரித்தேன். ஆயினும் அன்றிரவு எண்ணிப் பார்த்தபோது, அந்தச் சிறுவன் தன்னை அறியாமலே ஒரு நல்ல வரலாற்றுக் கதவைத் தட்டியிருக்கிறான் என்று தோன்றியது. அக்கதவைச் சற்றுத் திறந்து பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

ஒரே ஒலி, பல பொருள்

ஆங்கிலத்தில் 'கிரானி' என்ற சொல் உண்டு. சிறு பிளவு, இடுக்கு, விரிசல் என்பன அதன் பொருள். பழைய பிரெஞ்சு மொழியில் வெட்டுத்தடம் என்று பொருள்படும் சொல்லிலிருந்து அது வந்தது. 'மூலை முடுக்கெல்லாம்' என்று நாம் சொல்லுமிடத்தில் ஆங்கிலேயர் இச்சொல்லை ஆள்வர். மாணவன் அகராதியில் கண்டது இதுவே.

ஆனால் அதே எழுத்துக்கூட்டலில் ஆங்கிலத்துக்குள் இன்னொரு 'கிரானி'யும் வாழ்ந்தது. அதன் பொருள் எழுத்தர், குமாஸ்தா. என்றி யூல், ஆர்தர் பர்னல் என்னும் இருவர் தொகுத்து 1886 ஆம் ஆண்டில் வெளிவந்த 'ஆப்சன் ஜாப்சன்' என்னும் அகராதி இச்சொல்லுக்குத் தனி இடம் கொடுத்துள்ளது. இந்தியாவில் வாழ்ந்த ஆங்கிலேயரின் வாயில் புழங்கிய கீழ்த்திசைச் சொற்களைத் திரட்டிய நூல் அது. தொகுப்பாளர்களில் ஒருவராகிய பர்னல், தஞ்சாவூரில் நீதிபதியாகப் பணியாற்றியவர். தமிழ்நாட்டை நேரில் அறிந்தவர்.

இவை போதாவென்று சித்த மருத்துவத்திலும் ஒரு 'கிராணி' உண்டு. அது நாட்பட்ட வயிற்றுப்போக்கு நோயைக் குறிக்கும். தோட்ட வாழ்வு அறியாத தமிழ்நாட்டு வைத்தியர் ஒருவரிடம் 'எங்கள் தாத்தா கிராணியோடு நாற்பது ஆண்டு வாழ்ந்தார்' என்றால், அவர் இரக்கத்தோடு மருந்து எழுதித் தந்துவிடுவார்!

கப்பலில் வந்த சொல்

எழுத்தரைக் குறிக்கும் கிராணி எங்கிருந்து வந்தது? அதன் வேர் 'கரண' என்னும் வடசொல் என்பர். செய்தல், செயல் என்னும் பொருளுடைய அவ்வேரிலிருந்து ஆவணம் எழுதுவோரைக் குறிக்கும் சொற்கள் பல கிளைத்தன. ஒடிசாவில் எழுத்துத் தொழில் செய்த குலத்தாருக்குக் 'கரணர்' என்றே பெயர்.

இச்சொல் நெடுங்காலம் கடலில் வாழ்ந்தது. 14 ஆம் நூற்றாண்டில் உலகம் சுற்றிய இபன் பதூதா, அரபு நாட்டுத் தோபார் துறைமுகத்தைப் பற்றி எழுதுகையில், வந்தடையும் கப்பலின் உரிமையாளருக்கும் மாலுமித் தலைவருக்கும் அடுத்தபடியாகக் 'கிரானி' என்னும் கப்பல் எழுத்தருக்கும் மரியாதை ஆடை வழங்கப்பட்டதைக் குறிப்பிடுகிறார். 16 ஆம் நூற்றாண்டின் இறுதியில் அபுல் பசல் எழுதிய 'அயினி அக்பரி'யும் கப்பற் பணியாளர்களை வரிசைப்படுத்தும்போது இவரைச் சொல்கிறது. கப்பலின் கணக்கை எழுதுவதோடு பயணிகளுக்குக் குடிநீர் அளந்து கொடுப்பதும் இவர் வேலை.

இந்த இரண்டாவது கடமையைச் சற்று நினைத்துப் பாருங்கள். நடுக்கடலில் நீரை அளந்து கொடுப்பவர் எவ்வளவு அதிகாரம் உடையவர்! கையில் எழுதுகோல் வைத்திருந்தவரிடமே உயிர்நீரும் இருந்தது.

இந்துமாக்கடல் வாணிகத்தோடு வந்த இச்சொல் மலாய்மொழியில் 'கெரானி' ஆயிற்று. அலுவலக எழுத்தரை இன்றும் நம் நாட்டில் அப்படித்தான் அழைக்கிறோம். தோட்டத்துத் தமிழர் நாவில் அதுவே 'கிராணி'.

கர்ணமும் கிராணியும்

நம் பாட்டன்மார் மலாயாவுக்குக் கப்பலேறும் முன்பே இச்சொல்லின் உறவுக்காரர் ஒருவரை ஊரில் அறிந்திருந்தனர். அவர்தாம் கர்ணம் என்னும் ஊர்க்கணக்கர். சோழர் காலக் கல்வெட்டுகளிலேயே 'கரணத்தான்' என்று ஊர்க்கணக்கர் கையொப்பமிட்டிருப்பதைக் காணலாம். யாருக்கு எவ்வளவு நிலம், யார் எவ்வளவு வரி என்பதெல்லாம் கர்ணத்தின் ஏட்டில் இருந்தன. தமிழ்நாட்டில் பரம்பரையாக வந்த இப்பதவியை 1980 ஆம் ஆண்டில் ம.கோ.இரா. அரசு ஒழித்து, பின்னர்க் கிராம நிருவாக அலுவலர்களை அமர்த்தியது.

ஆக, கர்ணத்தின் ஏட்டிலிருந்து விடுபட்டு வந்தவர்கள், கடல் கடந்து கிராணியின் ஏட்டுக்குள் புகுந்தார்கள். இரண்டு சொற்களும் ஒரே வேரின் கிளைகள் என்பதை அவர்கள் அறிந்திருக்க வாய்ப்பில்லை. ஆனால் இரண்டு ஏடுகளுக்கும் அஞ்சத்தான் வேண்டும் என்பதை அறிந்திருப்பார்கள்.

தொழிலின் பெயர் மனிதரின் பெயராதல்

ஆங்கிலேயரின் வாயில் இச்சொல்லுக்கு நேர்ந்த மாற்றம் கவனிக்கத்தக்கது. கிழக்கிந்தியக் கும்பினியில் இங்கிலாந்திலிருந்து வந்த இளம் எழுத்தருக்கு 'ரைட்டர்' என்று பெயர். கல்கத்தாவில் அவர்களுக்காக 1777 ஆம் ஆண்டில் கட்டத் தொடங்கிய மாளிகை இன்றும் 'ரைட்டர்சு பில்டிங்' என்றே அழைக்கப்படுகிறது. அவர்களுக்குக் கீழே அமர்ந்து ஆங்கிலத்தில் படியெடுத்த உள்நாட்டவரே 'கிரானி'. அவ்வேலையில் ஆங்கிலோ இந்தியர் மிகுதியாக இருந்தமையால், வங்காளத்தில் நாளடைவில் அந்த மக்களையே 'கிரானி' என்று இளக்காரமாகச் சுட்டும் வழக்கம் வந்தது. வேலையின் பெயர் ஒரு மக்களின் பெயராயிற்று.

இதே கதி நம் தமிழ்ச்சொல் ஒன்றுக்கும் நேர்ந்தது. 'கூலி' என்றால் உழைப்புக்குத் தரும் ஊதியம். அதில் இழிவு எதுவும் இல்லை. ஆங்கிலத்தில் அது ஊதியத்தை விட்டு ஆளைக் குறித்தது. பின்னர் இனத்தையே குறித்தது. 1893 ஆம் ஆண்டில் தென்னாப்பிரிக்கா சென்ற காந்தியடிகள் சட்டம் படித்தவராயினும் 'கூலி பாரிசுட்டர்' என்றே அழைக்கப்பட்டார். (ஆங்கிலச் 'கூலி'க்குக் குசராத்தின் கோலி மக்கள் பெயரையும் ஒரு மூலமாகக் காட்டுவோர் உளர்.)

நெகிரி செம்பிலான் தோட்டங்களில் இந்த இரு சொற்களும் எதிரெதிரே நின்றன. கிராணி எழுதுபவர், கூலி எழுதப்படுபவர்.

தோட்டத்துக் கிராணி

லிங்கி, லாபு, ரந்தாவ், சிலியாவ், சுவா பெத்தோங், பகாவ் வட்டாரங்களில் வளர்ந்த முதியோரைக் கேட்டுப் பாருங்கள். மேலே துரை. அவருக்குக் கீழே பெரிய கிராணி, சின்னக் கிராணி, கண்டக்டர், டிரெசர். அப்புறம் தண்டல், கங்காணி. கடைசியில் தொழிலாளி. கிராணியின் வீடு லயத்தோடு சேராமல் தனியே நிற்கும். அவ்வீட்டு வேலிக்குள் எல்லாரும் நுழைந்துவிட முடியாது.

விடியுமுன் பெரட்டில் பெயர் கூப்பிடுவார்கள். வந்தவர், வராதவர், முழுநாள், அரைநாள் எல்லாம் செக்ரோலில் ஏறும். நண்பகலில் பால் நிறுக்கும் இடத்தில் எடை எழுதப்படும். சம்பள நாளில் அந்த எழுத்தே காசாக மாறும். தாம் இறக்கி வைத்த பாலின் எடை என்ன எழுதப்பட்டது என்று எட்டிப் பார்த்தாலும் படிக்கத் தெரியாதவர்களே அன்று மிகுதி.

கிராணிமாரில் ஆங்கிலம் பயின்ற மலையாளிகளும் யாழ்ப்பாணத் தமிழரும் மிகுதியாக இருந்தனர். அவர்கள் எல்லாரையும் ஒரே தராசில் நிறுத்தலாகாது. ஊருக்குக் கடிதம் எழுதித் தந்தவர்களும், வந்த கடிதத்தைப் படித்துக் காட்டிக் கூடவே கண் கலங்கியவர்களும் அவர்களில் உண்டு. கூட்டரசு மலாய் மாநிலங்களின் 1923 ஆம் ஆண்டுத் தொழிலாளர் சட்டம், பள்ளி வயதுப் பிள்ளைகள் பத்துப் பேர் இருந்தால் தோட்ட நிருவாகம் பள்ளி அமைக்கவேண்டும் என்று விதித்தது. அக்காலப் பள்ளிகள் பலவற்றில் ஆசிரியர் என்று தனியே எவரும் இல்லை. கங்காணியோ கிராணியோதான் ஓய்வு நேரத்தில் அகரம் சொல்லிக் கொடுத்தார். ஆசிரியர்களாகிய நமக்கு முன்னோடிகளுள் கிராணியும் ஒருவர்.

1942 ஆம் ஆண்டில் சப்பானியர் வந்தபோது துரைமார் வெளியேறினர். பல தோட்டங்களின் பொறுப்பு கிராணிமார் தலையில் விழுந்தது. சயாம் மரண இரயில்பாதைக்குத் தோட்டத்துக்கு இத்தனை பேர் என்று கேட்கப்பட்டபோது பட்டியலில் பெயர் ஏறுவதும் ஏறாததும் உயிரோடு விளையாடுவதாயிற்று. கப்பலில் நீர் அளந்த பழைய எழுத்தரின் அதிகாரம், இன்னும் கொடிய வடிவில் இங்கே திரும்பி வந்தது.

போருக்குப்பின் தொழிற்சங்கங்கள் எழுந்தன. 1954 ஆம் ஆண்டில் தேசியத் தோட்டத் தொழிலாளர் சங்கம் உருவானது. 'கூலி' மெல்ல மறைந்து 'தொழிலாளர்' நிலைபெற்றது. கிராணிமார்க்கோ வேறு சங்கம் இருந்தது. சங்கத்திலும் லயம் வேறு, தனிவீடு வேறு என்பது தொடர்ந்தது.

ஓர் எழுத்தின் விலை

என் குடும்பத்தில் நடந்ததைச் சொல்கிறேன். என் அத்தை போருக்கு முன் போர்ட்டிக்சன் வட்டாரத் தோட்டம் ஒன்றில் பிறந்தவர். செக்ரோலில் அவர் பெயர் ஒருவிதமாகவும், பிறப்புப் பதிவில் வேறுவிதமாகவும் எழுதப்பட்டிருந்தது. தந்தை பெயரிலும் ஓர் எழுத்து வேறுபாடு. யாரும் தீங்கு நினைத்துச் செய்ததன்று. இலட்சுமி என்னும் ஒரே பெயர், எழுதுபவரின் காதுக்கேற்ப லெட்சுமி, லெச்சிமி, லெச்சுமி என்று உரோமன் எழுத்தில் ஏறுவது அன்று வெகு இயல்பு.

1957 இல் நாடு விடுதலை பெற்றபின், குடியுரிமைக்கு மனுச் செய்ய அத்தை போனார். இரண்டு தாளிலும் உள்ளவர் ஒருவர்தாம் என்று மெய்ப்பிக்கச் சொன்னார்கள். மெய்ப்பிக்க அவரிடம் இருந்தது அவர் மட்டுமே. சிவப்பு அடையாள அட்டைதான் கிடைத்தது. பின்னர் 1968 ஆம் ஆண்டு வேலைக் கட்டுப்பாட்டுச் சட்டம் வந்தது. குடியுரிமை இல்லாதோர் வேலை செய்ய உரிமம் பெறவேண்டும் என்றாயிற்று. பல்லாயிரம் தோட்டத் தமிழர் இந்தியாவுக்கே திரும்பினர். அத்தையின் கணவர் வீட்டாரும் கப்பலேறினர். அத்தை இங்கேயே இருந்துவிட்டார். இறுதிவரை அவர் கையில் இருந்தது அந்தச் சிவப்பு அட்டையே.

தமிழில் நாம் றன்னகரத்துக்கும் டண்ணகரத்துக்கும் வேறுபாடு காட்டிக் கற்பிக்கும்போது, 'ஒரு எழுத்துதானே, விடுங்கள்' என்று சில பெற்றோர் சொல்வதுண்டு. கிரானி என்றால் விரிசல். கிராணி என்றால் எழுத்தர். எழுத்தர் ஓர் எழுத்தைத் தவறவிட்டால் வாழ்க்கையில் விழும் விரிசலை என் அத்தையிடம் கண்டேன்.

இன்றைய கிராணி யார்?

இன்று நீலாய், லாபு, செண்டாயான் பக்கம் போனால் பழைய இரப்பர்க் காடுகள் இருந்த இடங்களில் வீடமைப்புகளும் கல்லூரிகளும் நிற்கின்றன. பெரட்டுக் களம் இல்லை. பல பள்ளிகளின் பெயரில் மட்டுமே 'லாடாங்' எஞ்சியுள்ளது. 'நன்றாகப் படித்தால் கிராணி ஆகலாம்' என்று பிள்ளையை எழுப்பி அனுப்பிய தாய்மாரின் பேரப்பிள்ளைகள் இன்று மருத்துவராகவும் பொறியியலாளராகவும் இருக்கிறார்கள்.

ஆனால் ஏடு இன்னும் இருக்கிறது. முதலாம் ஆண்டுப் பதிவின்போது பிள்ளையின் பெயரை முதன்முதலில் பள்ளி ஏட்டில் ஏற்றுபவர் ஆசிரியர். அவ்வகையில் இன்றைய கிராணி நாமே.

ஆகவே ஆசிரியர்களுக்கு ஒரு வேண்டுகோள். பதிவேட்டில் உள்ள பெயரைப் பிறப்புச் சான்றிதழோடு எழுத்தெழுத்தாக ஒப்பிட்டுப் பாருங்கள். பெற்றோர்களே, பிள்ளையின் சான்றிதழிலும் உங்கள் அடையாள அட்டையிலும் தந்தை பெயர், தாய் பெயர் ஒன்றுபோல் உள்ளனவா என்று இன்றே எடுத்துப் பாருங்கள். வேறுபாடு இருந்தால் பன்னிரண்டு வயதில் அடையாள அட்டை எடுக்கும்வரை காத்திராமல் தேசியப் பதிவுத்துறையை நாடுங்கள். பிள்ளைக்குத் தன் முழுப்பெயரைத் தமிழிலும் உரோமன் எழுத்திலும் பிழையின்றி எழுதக் கற்றுக்கொடுங்கள்.

அந்த மாணவன் மறுநாள் தாத்தாவிடம் மீண்டும் கேட்டு வந்தான். தன் ஏட்டில் விரிசலை அடித்துவிட்டு, தாத்தா சொன்னபடியே எழுதியிருந்தான்: 'கிராணி: நம் பெயரை எழுதியவர்.'

முழு மதிப்பெண் கொடுத்தேன்.

உங்கள் வீட்டு முதியோரிடமும் இப்படி எத்தனையோ சொற்கள் காத்திருக்கும். கேட்டு எழுதி வையுங்கள்.