செப்பேட்டில் ஒரு மறுப்பு

திருவாலங்காடு என்றதும் காரைக்கால் அம்மையாரும் இரத்தின சபையும் நினைவுக்கு வருவது இயல்பு. வரலாற்று ஆர்வலர்க்கோ, 1905-இல் வெளிப்பட்ட 31 செப்பேடுகளே முதலில் தோன்றும். அவ்வூர் இறைவனுக்கு முதலாம் இராசேந்திரன் பழையனூரைக் கொடையளித்ததைப் பதிவு செய்பவை அவை. ஆணை அவனது 6-ஆம் ஆட்சியாண்டினது. நாராயண கவி பாடிய வடமொழிப் பகுதி கங்கைப் படையெடுப்பையும் கடார வெற்றியையும் பேசுவதால், அது பின்னர்ச் சேர்க்கப்பட்டது என்பர்.

வெற்றிகளை அடுக்கிச் செல்லும் அப்பாடல்களின் நடுவே ஓரிடத்தில் நாம் நின்றுவிடுகிறோம். சுந்தர சோழர் மறைகிறார். விண்ணுலக மங்கையர் கணவரைக் கவர்ந்துவிடுவரோ என அஞ்சி, வானவன் மாதேவியும் உடன் செல்கிறார். (பால்குடி மாறாத மகவைப் பிரிந்து அவர் உயிர் துறந்ததைத் திருக்கோவலூர்க் கல்வெட்டு கூறுகிறது.) மூத்த மகன் ஆதித்த கரிகாலனோ விண்ணுலகைக் காணும் விருப்பால் சென்றானாம்! அது கொலை என்பதை உடையார்குடிக் கல்வெட்டே நமக்குச் சொல்கிறது. இரவிதாசன், சோமன், பரமேசுவரன் என்று பெயர்களையும் தருகிறது. அரசவைக் கவி அதைப் பற்றி வாய் திறக்கவில்லை.

எஞ்சிய இளவரசன் அருள்மொழியிடம், கலியின் இருளை அகற்ற நீயே அரசேற்க வேண்டும் என மக்கள் வேண்டுகின்றனர். சிறிய தந்தை முறையான உத்தம சோழருக்கு அரியணையில் விருப்பம் உள்ளவரை மனத்தாலும் அதை விரும்பேன் என்று அவன் மறுக்கிறான். முடி உத்தமருக்கு, அருள்மொழி இளவரசு. 985-இல்தான் அவன் முதலாம் இராசராசனாக அரியணை ஏறினான்.

இம்மறுப்பைப் பெருந்தன்மை என்பாரும் உண்டு, அரசியல் கணக்கு என்பாரும் உண்டு. நீலகண்ட சாத்திரியார் உத்தமர் மீதே ஐயம் கொண்டார். நமக்குத் தோன்றுவது வேறு. தந்தையும் தாயும் தமையனும் இல்லாத அரண்மனையில், கொன்றவர் இன்னும் வெளியே உலவும் நாளில், முடியைக் கண்டு ஓர் இளைஞன் அஞ்சியிருந்தால் அதில் இழிவென்ன? கவி அறம் என்று எழுதிய இடத்தில் அச்சமும் துயரமும் கலந்திருக்கலாம்.

கல்கியின் கதை 2022-இலும் 2023-இலும் இரு பாகத் திரைப்படமாக வந்தது, போர்க்களங்களுக்குக் குறைவில்லை. இந்த மறுப்பு ஒன்றை மட்டும் எடுத்துக்கொண்டு யாரேனும் குறும்படம் எடுத்தால் நாம் முதல் வரிசையில் அமர்ந்து காண்போம். அதன் இறுதிக் காட்சிக்குத் தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டிலேயே செய்தி இருக்கிறது: இராசராசன் எடுத்த அக்கோயிலில், அவன் தமக்கை குந்தவையார் பொன்மாளிகைத் துஞ்சின தேவராகிய தந்தைக்கும் தம் தாய்க்கும் செப்புத் திருமேனிகள் செய்து வைத்தார்.