மைக்ரோபிராசசர் ஆர்க்கிடெக்சர், புரோகிராமிங், அண்ட் அப்ளிகேசன்சு வித் தி 8085 (நூல்)

மைக்ரோபிராசசர் ஆர்க்கிடெக்சர், புரோகிராமிங், அண்ட் அப்ளிகேசன்சு வித் தி 8085 என்பது ரமேஷ் காவோன்கர் எழுதிய ஆங்கிலப் பாடநூல் ஆகும். இன்டெல் 8085 நுண்செயலியின் கட்டமைப்பையும் அதற்கான அசெம்பிளி மொழி நிரலாக்கத்தையும் இந்நூல் கற்பிக்கிறது. முதற்பதிப்பு 1984 இல் வெளியானது. நூலாசிரியர் நியூயார்க் மாநிலத்திலுள்ள ஒனொண்டாகா சமுதாயக் கல்லூரியில் பேராசிரியராகப் பணியாற்றியவர். இந்தியப் பதிப்பைப் பென்ராம் இன்டர்நேசனல் வெளியிட்டது. 2000களில் அண்ணா பல்கலைக்கழகப் பாடத்திட்டத்தில் இடம்பெற்ற இந்நூலை மாணவர்கள் ஆசிரியரின் பெயராலேயே அழைத்தனர்.

பாடப்பொருள்

1976 இல் அறிமுகமான 8085 ஓர் 8-பிட்டு நுண்செயலி. 16 முகவரித் தடங்கள் இருப்பதால் 65,536 பைட்டு நினைவகத்தை அணுக வல்லது. இதன் முன்னோடியான 8080 க்கு மூன்று வகை மின்னழுத்தங்கள் தேவைப்பட்டன. 8085 க்கு 5 வோல்ட்டு மட்டுமே போதும். நூல் முதலில் வன்பொருளையும், அடுத்து நிரலாக்கத்தையும், பின்னர் புறக்கருவிகளை இணைப்பதையும் விளக்குகிறது.

கையால் குறியீடாக்கம்

நிரலை முதலில் தாளில் எழுதி, கட்டளை அட்டவணையைப் பார்த்துப் பதினறும எண்களாக மாற்றுவது இந்நூல்வழிக் கல்வியின் முக்கியப் பயிற்சியாகும். காட்டாக, திரளகத்தில் (அக்யுமுலேட்டர்) உள்ள மதிப்பை 2050 என்னும் முகவரியில் சேமிக்கும் "எஸ்டிஏ 2050" கட்டளை, நினைவகத்தில் 32, 50, 20 என மூன்று பைட்டுகளாக அமைகிறது. முகவரியின் கீழ்ப்பாதி முதலில் வருவதைக் கவனிக்க வேண்டும். படிக்கும் வரிசையிலேயே 32, 20, 50 என இட்டால் மதிப்பு 5020 க்குச் சென்றுவிடும். பயிற்சிப் பலகை எந்தப் பிழைச்செய்தியும் காட்டாது. 2050 இல் பழைய மதிப்பே இருக்கும். புதியவர்கள் அடிக்கடி தடுமாறும் இடம் இது.

இக்கட்டளைக்கு 13 கடிகாரத் துடிப்புகள் ஆகின்றன. கட்டளையைக் கொணர 4, முகவரியின் இரு பைட்டுகளைப் படிக்க மும்மூன்று, மதிப்பை எழுத 3. கடிகாரம் 3 மெகாஏர்ட்சு எனில் மொத்தம் ஏறத்தாழ 4.3 மைக்ரோநொடி. கட்டளையின் பைட்டுகளும் மின்தடங்களில் நிகழும் செயலும் ஒன்றோடொன்று பொருந்துவதை மாணவர் இக்கணக்கின் மூலம் காணலாம். கட்டளைகளை மனப்பாடம் செய்பவருக்கு இது புலப்படுவதில்லை.

பாவிப்பான்கள்

பயிற்சிப் பலகை இல்லாதவர்கள் கணினியிலேயே நிரல்களை இயக்கிப் பார்க்கலாம். ஸ்ரீதர் ரத்னகுமார் 2003 இல் லினக்சுக்காக எழுதத் தொடங்கிய குனூசிம்8085 இத்தகைய கட்டற்ற மென்பொருள் ஆகும். குறியீடாக்கத்தை மென்பொருளே செய்துவிடுவதால் மேற்சொன்ன வரிசைப் பிழை இதில் நேர்வதில்லை. பைட்டுகள் அமைந்துள்ள முறையை நினைவகச் சாளரத்தில் பார்த்துத் தெரிந்துகொள்ளலாம்.